கல்லாப்பெட்டியின் உள்பூட்டு

மயிலைக் கடைவீதியில் வியாபாரம் செய்பவர்களுக்குப் பங்குனிப் பெருவிழாவின் எட்டாம் நாளைப் பற்றி எடுத்துச் சொல்ல வேண்டியதில்லை. அறுபத்து மூவர் புறப்பாட்டைக் காண வரும் கூட்டத்தில் நான்கு மாட வீதிகளிலும் எள் போட்டால் எள் விழாது. அந்த ஒரு நாள் விற்பனையை நம்பி முன்கூட்டியே சரக்கு எடுத்து அடுக்கி வைக்கும் கடைகள் நம்மில் பல உண்டு. அப்படிப்பட்ட நாளில், பூஜைப் பொருள் வியாபாரம் செய்யும் நம் உறுப்பினர் ஒருவருக்கு நேர்ந்ததை அவருடைய அனுமதியோடு இங்கே எழுதுகிறோம். பெயர் வேண்டாம் என்று கேட்டுக் கொண்டார். நமக்கும் பெயர் முக்கியமில்லை.

காலை ஏழு மணிக்குக் கடை திறந்தாயிற்று. சாம்பிராணி ஏற்றிக் கல்லாவில் உட்கார்ந்து கைப்பேசியை எடுத்தால், பணம் வரவு காட்டும் செயலி திறக்கவில்லை. இந்தக் கருவி பாதுகாப்பு விதிகளுக்கு உட்பட்டதாக இல்லை என்ற பொருளில் இரண்டு வரி ஆங்கிலம் வந்து நின்றது. அணைத்துப் போட்டும் பார்த்தார், செயலியை நீக்கி மறுபடி ஏற்றியும் பார்த்தார். பலனில்லை. அதற்குள் கடை வாசலில் கூட்டம் சேர்ந்து விட்டது.

மேஜை மேல் ஒட்டியிருக்கும் க்யூ.ஆர். அட்டை வேலை செய்யத்தான் செய்தது. வாடிக்கையாளர் அனுப்பும் பணம் வங்கிக் கணக்குக்குப் போய்க் கொண்டுதான் இருந்தது. ஆனால் வந்தது யாருடைய பணம், எவ்வளவு என்று கடைக்காரருக்குத் தெரிய வழியில்லை. வரவைக் குரலில் சொல்லும் ஒலிப்பெட்டியை மாத வாடகை தண்டம் என்று திருப்பிக் கொடுத்திருந்தார். சிறு தொகைகளுக்கு அவருடைய வங்கி குறுஞ்செய்தி அனுப்புவதில்லை. ஆகவே அன்று முழுவதும் வாடிக்கையாளர் தம் போனைத் திருப்பிக் காட்டிய பச்சை நிறக் குறியை நம்பியே சரக்கைக் கொடுத்தார். பணம் போன மாதிரியே பொய்த் திரை காட்டும் செயலிகள் உலவுவது நமக்குப் புதிய செய்தியல்ல. மறுநாள் வங்கிக் கணக்குத் தாளையும் கடை நோட்டையும் வைத்துப் பார்த்தபோது துண்டு விழுந்தது. "பணம் வந்துச்சா வரலையான்னே தெரியாம ஒரு நாள் பூரா வியாபாரம் பண்ணியிருக்கேன்யா. எங்கப்பா காலத்துல இப்படி ஒரு நாள் உண்டா?" என்று நம்மிடம் வருத்தப்பட்டார்.

காரணத்தை விசாரித்தால், அது மூன்று வாரம் பின்னால் போகிறது. அவருடைய கைப்பேசி ஐந்தாறு ஆண்டுகள் பழையது. தயாரித்த நிறுவனம் அதற்குப் புதிய மென்பொருள் தருவதை நிறுத்தி விட்டது. ஒவ்வொரு செயலியாக "இந்தப் பதிப்பில் இனி இயங்காது" என்று சொல்லத் தொடங்கவே, அவருடைய மகன் அதை ஒரு பழுதுபார்க்கும் கடைக்கு எடுத்துப் போயிருக்கிறார். "புதுசெல்லாம் வாங்க வேண்டாம் தம்பி. உள்ளே இருக்கிற பூட்டைக் கழட்டிட்டு வேற சாஃப்ட்வேர் போட்டுத் தரேன், எல்லாம் ஓடும்" என்றாராம் கடைக்காரர். சில நூறு ரூபாயில் வேலை முடிந்தது. எல்லாம் ஓடவும் செய்தது. மூன்று வாரம் ஓடி, வியாபாரத்துக்கு வேண்டிய அந்த ஒரு நாளில் நின்று விட்டது.

வணிகர் சங்க இதழில் செல்போன் ரிப்பேரைப் பற்றி எழுதுவதா என்று மூத்த உறுப்பினர்கள் சிலர் முகம் சுளிக்கலாம். யூ.பி.ஐ. முறை 2016-இல் வந்த பிறகு நம் கல்லாப்பெட்டி மரப் பெட்டியாக மட்டும் இல்லை. தண்ணித்துறை மார்க்கெட்டில் கீரை விற்கும் அம்மாள் முதல் லஸ் முனையில் பட்டு விற்கும் கடை வரை, நாள் வரவில் ஒரு பங்கு சட்டைப் பையில் இருக்கும் அந்தக் கண்ணாடித் துண்டு வழியாகத்தான் கணக்குக்கு வருகிறது. கல்லாப்பெட்டியின் பூட்டைப் பற்றி வணிகர்கள் பேசாமல் வேறு யார் பேசுவது?

முதலில், கழற்றப்பட்ட பூட்டு எது என்று பார்ப்போம். திரையில் நாம் போடும் நான்கு இலக்க எண்ணோ, கைரேகையோ அல்ல. அது கடையின் முன் ஷட்டர். நாம் சொல்வது அதற்கும் உள்ளே, போன் உயிர் பெறும் முதல் நொடியிலேயே வேலை செய்யும் பூட்டு. பொத்தானை அழுத்தியதும் பூட்லோடர் என்ற சிறு நிரல் முதலில் விழிக்கிறது. அது தனக்கு அடுத்து வரும் மென்பொருளைப் பார்த்து, "நீ தயாரிப்பாளர் கையெழுத்திட்டு அனுப்பியவன்தானா, நடுவில் யாரும் உன்னைத் திருத்தவில்லையே?" என்று சோதிக்கிறது. சரியாக இருந்தால் மட்டுமே உள்ளே விடுகிறது. அவன் அவனுக்கு அடுத்தவனைச் சோதிக்கிறான். இந்தச் சோதனையில் தேறாத போன் திறக்கவே கூடாது என்று ஆண்ட்ராய்டு கண்டிப்பாக்கியது 2016-இல் வந்த 7-ஆம் பதிப்பில்தான். அதற்கு முன்பெல்லாம் எச்சரிக்கையோடு சரி.

போன் திறந்த பிறகும் உள்ளே ஒரு காவல் உண்டு. ஒவ்வொரு செயலிக்கும் ஓர் அறை. ஓர் அறையில் இருப்பவர் அடுத்த அறைக்குள் எட்டிப் பார்க்கக் கூடாது. இதைக் கவனித்துக் கொள்ளும் ஏற்பாட்டுக்கு எஸ்.இ.லினக்ஸ் என்று பெயர். 2014-இல் வந்த 5-ஆம் பதிப்பிலிருந்து இது முழுமையாக நடைமுறையில் இருக்கிறது. மாற்று மென்பொருள் போடுகிறவர்களில் சிலர், ஏதாவது ஒன்று சரியாக ஓடவில்லை என்றால் தேடிச் சரி செய்யப் பொறுமையில்லாமல், இந்தக் காவலை வெறும் பதிவு நிலைக்கு மாற்றி விடுகிறார்கள். அதாவது, கோடவுன் வாசலில் வாட்ச்மேன் இருப்பார். யார் எந்த மூட்டையைத் தூக்கிப் போனார்கள் என்று நோட்டில் எழுதுவார். யாரையும் தடுக்க மாட்டார். அப்படிப்பட்ட வாட்ச்மேனுக்கு நம்மில் யாராவது சம்பளம் கொடுப்போமா?

இதற்கெல்லாம் மேலே ரூட் செய்வது என்று ஒன்று. எல்லா அறைகளுக்கும் பொதுவான சாவியைச் செய்து கையில் வைத்துக் கொள்வது. 2016 முதல் புழங்கும் மேஜிஸ்க் போன்ற கருவிகள் இதை வெகு சுலபமாக்கி விட்டன. விவரம் தெரிந்தவர் கையில் அந்தச் சாவி நல்ல கருவி என்பதை நாம் மறுக்கவில்லை. ஆனால் சாவி இருக்கிறது என்றால் அதைக் கேட்டு வாங்க ஏமாற்றுச் செயலிகளும் வரும். கடைப் பையன் அவசரத்தில் "அனுமதி" என்று அழுத்தினால் முடிந்தது. நம் வங்கிச் செயலி எந்த அறையில் எதை வைத்திருக்கிறது என்பதெல்லாம் வந்தவனுக்குத் திறந்த புத்தகம்.

மூன்று வாரம் ஓடிய போன் ஏன் திடீரென நின்றது என்பதற்கு இங்கேதான் விடை. பணச் செயலிகள் போனிடம் ஒரு சான்று கேட்கின்றன. இப்போதைய போன்களில் சில்லுக்குள் புதைந்திருக்கும் ரகசியச் சாவி ஒன்று, "என் பூட்லோடர் பூட்டியிருக்கிறது" அல்லது "திறந்திருக்கிறது" என்று கையெழுத்திட்டுச் சொல்கிறது. கூகுள் அதைச் சரிபார்த்துச் செயலிக்குத் தகவல் தருகிறது. ப்ளே இன்டெக்ரிட்டி என்பது இந்த ஏற்பாட்டின் பெயர். திறந்த போனை மூடியதாகக் காட்ட, வேறு ஏதோ கருவியிலிருந்து கசிந்த சான்றுச் சாவியை உள்ளே செருகி விடுகிற வித்தை உண்டு. கசிந்த சாவி எது என்று கூகுளுக்குத் தெரிய வரும் நாளில் அது ரத்தாகும். அன்று அந்தச் சாவியை நம்பிய எல்லாப் போன்களும் ஒரே நேரத்தில் பல்லைக் காட்டும். நம் உறுப்பினர் போனிலும் நடந்தது இதுவாகத்தான் இருக்க வேண்டும் என்று விவரம் அறிந்தவர்கள் சொல்கிறார்கள். போலி முத்திரை போட்ட எடைக்கல் ஆய்வாளர் வரும் வரைதானே எடைக்கல்!

அந்த வங்கிச் செயலி மறுத்ததில் தவறு சொல்ல முடியாது. 2021 பிப்ரவரி 18 அன்று ரிசர்வ் வங்கி வெளியிட்ட மின்னணுப் பணப் பரிமாற்றப் பாதுகாப்பு நெறிகள், கருவி அடிப்படைத் தகுதிகளை நிறைவு செய்கிறதா என்று பார்த்த பிறகே செயலியை இயங்க விடும்படி வங்கிகளுக்குச் சொல்கின்றன. நம் உறுப்பினருக்கு ஒரு நாள் வியாபாரத்தில் துண்டு விழுந்ததோடு போயிற்று. கணக்கிலிருந்து பணம் திருடு போகவில்லை. அது அவருடைய அதிர்ஷ்டம் என்றே நாம் கருதுகிறோம்.

திருடு போயிருந்தால் என்ன ஆகியிருக்கும் என்பதையும் யோசிக்க வேண்டும். ரிசர்வ் வங்கியின் 2017 ஜூலை 6-ஆம் தேதிச் சுற்றறிக்கை இரண்டு விஷயங்களை வகுத்தது. வங்கியின் தவறும் இல்லாமல் வாடிக்கையாளர் தவறும் இல்லாமல் வேறெங்கோ ஏற்பட்ட ஓட்டையால் பணம் போனால், மூன்று வேலை நாட்களுக்குள் தெரிவிக்கும் வாடிக்கையாளருக்கு நஷ்டம் இல்லை. ஆனால் அவருடைய கவனக்குறைவால் போனது என்றால், வங்கிக்குத் தெரிவிக்கும் வரையிலான நஷ்டம் முழுவதும் அவருடையது. உள்பூட்டைத் தானே கழற்றிய போனில் வங்கிக் கணக்கை வைத்திருந்தார் என்பது கவனக்குறைவு இல்லை என்று எந்த முகத்தோடு நாம் வாதாடுவது? எதிர்த் தரப்பு வக்கீலுக்கு நாமே வாதத்தை எழுதிக் கொடுத்தது போலாகும்.

மாற்று மென்பொருளை யார் எழுதினார்கள், எங்கிருந்து இறக்கினார்கள் என்பதும் நமக்குத் தெரிவதில்லை. மென்பொருளின் அடித்தளத்திலேயே திருடன் ஒளிந்திருந்த வரலாறு உண்டு. ட்ரையாடா என்ற கள்ள நிரல் சில மலிவு விலைப் போன்களில், கடைக்கு வருவதற்கு முன்பே, தயாரிப்புச் சங்கிலியில் எங்கோ நுழைக்கப்பட்டிருந்ததை 2019 ஜூனில் கூகுளே ஒப்புக் கொண்டது. அதன் புதிய வடிவம் ஒன்று பிரபலக் கைப்பேசிகளின் போலிகளில் இருந்ததாக 2025 ஏப்ரலில் காஸ்பர்ஸ்கி நிறுவனம் எச்சரித்தது. இப்படி வந்ததைச் செயலி நீக்குவது போல நீக்க முடியாது. போனைத் துடைத்துப் புதிதாக்கினாலும் அது அங்கேயே இருக்கும்.

இத்தனையும் சொன்ன பிறகு, நம் உறுப்பினர் மகன் செய்தது முழுத் தவறு என்று முடித்து விட்டால் அது நியாயமாகாது. நன்றாக ஓடிக் கொண்டிருந்த போன் அது. திரை உடையவில்லை, பேட்டரி ஒரு நாள் தாங்கியது. அதைக் குப்பையில் போடு என்று சொன்னது யார்? விற்ற இரண்டு மூன்று ஆண்டுகளில் மென்பொருள் தருவதை நிறுத்திக் கொண்ட நிறுவனம்தானே? பத்தாயிரம் ரூபாய் போன் என்பது நம்மில் சிறு கடைக்காரர் ஒருவருக்கு எத்தனை நாள் லாபம் என்பதைக் கணக்குப் போட்டுப் பார்த்தால், அந்தப் பையன் ஏன் ரிப்பேர் கடைப் படியேறினான் என்பது புரியும்.

இந்தியாவிலேயே இதற்கு ஒரு பழைய கதை இருக்கிறது. 2014 டிசம்பரில் மைக்ரோமேக்ஸ் நிறுவனம் யூ யுரேகா என்ற போனை ரூ. 8,999-க்கு அறிமுகம் செய்தது. அதில் இருந்தது சயனோஜென் மென்பொருள். ஆர்வலர்கள் உருவாக்கிய மாற்று மென்பொருளில் பிறந்து, பிறகு கம்பெனியாக வளர்ந்தது. பூட்லோடரைத் திறந்தாலும் ரூட் செய்தாலும் உத்தரவாதம் போகாது என்று கூட அப்போது சொன்னார்கள். இந்தியாவில் அந்த மென்பொருள் யாருக்கு உரியது என்று மைக்ரோமேக்ஸுக்கும் ஒன்பிளஸுக்கும் டில்லி உயர் நீதிமன்றத்தில் அதே மாதம் வழக்கே நடந்தது. அவ்வளவு போட்டி போட்டு வாங்கிய பொருளின் கதி என்ன ஆயிற்று? 2016 டிசம்பரோடு சயனோஜென் தன் சேவைகளை மூடி விட்டது. ஆர்வலர்கள் மட்டும் லீனியேஜ் ஓ.எஸ். என்ற பெயரில் தொடர்ந்தார்கள். கம்பெனி கை கழுவினாலும் கூலி வாங்காத பிள்ளைகள் கை கழுவவில்லை என்பதை இங்கே பதிவு செய்யத்தான் வேண்டும். நம் வாதம் அவர்களுக்கு எதிரானது அல்ல.

இங்கே நமக்கு நன்கு தெரிந்த ஓர் உதாரணத்தைச் சொல்கிறோம். நம் கடைகளில் இருக்கும் மின்னணுத் தராசு. சட்டமுறை எடையளவுச் சட்டம், 2009-இன் கீழ் அதற்கு ஆண்டுதோறும் முத்திரை போட வேண்டும். தமிழ்நாட்டில் தொழிலாளர் துறை அதைக் கவனிக்கிறது. தராசு கெட்டுப் போனால் என்ன செய்கிறோம்? தூக்கிப் போடுவதில்லை. உரிமம் பெற்ற பழுதுபார்ப்பவர் முத்திரையை எடுத்து, திறந்து, சரி செய்கிறார். பிறகு மறுபடி சோதித்து, புது முத்திரை போட்ட பிறகுதான் அது கல்லா மேஜைக்கு வருகிறது. திறக்க ஒரு வழி உண்டு. திறந்ததை மூட ஒரு வழியும் உண்டு. முத்திரை இல்லாத தராசில் நிறுத்தால் வாடிக்கையாளரும் நம்ப மாட்டார், ஆய்வாளரும் விட மாட்டார்.

கைப்பேசியில் திறக்க வழி இருக்கிறது, திரும்ப மூட வழி இல்லை. அதுதான் சிக்கல். பெரும்பாலான போன்களில் மாற்று மென்பொருளைப் போட்டு விட்டுப் பூட்லோடரைப் பூட்டப் போனால் போனே உயிர் விட்டு விடும். ஆகவே எல்லாரும் திறந்தபடியே விட்டு விடுகிறார்கள். சாம்சங் போன்களில் நாக்ஸ் என்ற ஏற்பாட்டில் சில்லுக்குள் ஒரு நுண்ணிய ஃப்யூஸ் உண்டு. அன்னிய மென்பொருள் ஏறினால் அது எரிந்து போகும். பிறகு அசல் மென்பொருளையே போட்டாலும் எரிந்தது எரிந்ததுதான். இதற்கு நேர்மாறாக, கூகுளின் பிக்சல் போன்களில் வேறு மென்பொருளைப் போட்டு, போட்டவரின் சொந்தச் சாவியாலேயே மீண்டும் பூட்ட முடியும். கிராஃபீன் ஓ.எஸ். என்ற மாற்று மென்பொருளைப் பயன்படுத்துவோர் அப்படித்தான் செய்கிறார்கள். ஆகவே தொழில்நுட்பம் இடம் கொடுக்கவில்லை என்று எந்தக் கம்பெனியும் சாக்குச் சொல்ல முடியாது. மனம்தான் வேண்டும்.

வேடிக்கை என்னவென்றால், அப்படிச் சொந்தச் சாவியால் ஒழுங்காகப் பூட்டிய போனைக்கூடப் பல வங்கிச் செயலிகள் ஏற்பதில்லை. கூகுள் சான்று பெற்ற மென்பொருள் இல்லை என்பதே காரணம். தராசுக்கு முத்திரை போடுவது அரசாங்கம். கல்லாப்பெட்டி ஆகி விட்ட கைப்பேசிக்கு முத்திரை போடுவது ஒரு வெளிநாட்டுத் தனியார் கம்பெனி. இது நமக்குச் சரியாகப் படவில்லை. ஆண்ட்ராய்டு சந்தையில் தன் பலத்தைத் தவறாகப் பயன்படுத்தியதாக நம் நாட்டின் போட்டி ஆணையம் 2022 அக்டோபரில் இதே கூகுளுக்கு ரூ. 1,337.76 கோடி அபராதம் விதித்தது. மறு ஆண்டு மார்ச்சில் மேல்முறையீட்டுத் தீர்ப்பாயமும் அபராதத்தை உறுதி செய்தது. அப்படிப்பட்டவர் கையில் மட்டும் முத்திரைக் கட்டை இருப்பது எந்த வகையில் முறை?

ஆகவே நம் கோரிக்கை பூட்டே வேண்டாம் என்பதல்ல. மென்பொருள் தருவதை நிறுத்தும் நிறுவனம், அந்தப் போனுக்கு உரியவர் வேறு நல்ல மென்பொருளைப் போட்டு மீண்டும் பூட்டிக் கொள்ள வழி செய்து விட்டுத்தான் கை கழுவ வேண்டும். அப்படிப் பூட்டியதைச் சோதித்து ஏற்றுக் கொள்ள நம் நாட்டில் ஒரு பொது அமைப்பு வேண்டும். அல்லது, நிறுவனமே நீண்ட காலம் மென்பொருள் தர வேண்டும். ஐரோப்பிய ஒன்றியம் 2025 ஜூன் 20 முதல், விற்பனை முடிந்த பிறகும் ஐந்தாண்டு மென்பொருள் தரக் கட்டாயப்படுத்தி விட்டது. 2023 பிக்சல் 8-க்கும் 2024 கேலக்ஸி எஸ்24-க்கும் ஏழாண்டு தருவதாக அந்தந்தக் கம்பெனிகளே அறிவித்தன. விலை உயர்ந்த போனுக்கு ஏழாண்டு தர முடிந்தவர்களுக்கு, நம் கடைப் பையன் வைத்திருக்கும் மலிவுப் போனுக்கு ஐந்தாண்டு தர முடியாதா? மத்திய நுகர்வோர் விவகாரத் துறை 2022 டிசம்பரில் பழுதுநீக்கும் உரிமைக்கென ஓர் இணையதளம் தொடங்கியது. திரையும் பேட்டரியும் மட்டும்தான் பழுது என்று நினைக்காமல், மென்பொருள் நின்று போவதும் பழுதுதான் என்பதை வணிகர் சங்கங்கள் அங்கே எழுத்து மூலம் வலியுறுத்த வேண்டும்.

இனி, நம்மில் கைப்பேசி விற்பவர்களுக்கும் பழுது பார்ப்பவர்களுக்கும் சில வார்த்தைகள். கோபிக்க வேண்டாம். அன்லாக் என்ற ஒரே சொல்லுக்குள் பல வேலைகள் அடங்கியிருக்கின்றன. உரிமையாளர் தம் போனில் தாமே பூட்லோடரைத் திறப்பது ஒன்று. அதில் குற்றமில்லை. திறக்கும்போது உள்ளே இருப்பதெல்லாம் அழிந்து போகும்படி வைத்திருப்பதே, திருடன் திறந்தால் அவனுக்கு எதுவும் கிடைக்கக் கூடாது என்பதற்காகத்தான். போனைத் துடைத்த பிறகும் பழைய கூகுள் கணக்கைக் கேட்கும் பூட்டை உடைத்துத் தருவது இன்னொன்று. 2015-இல் 5.1 பதிப்போடு வந்த அந்தப் பூட்டு இருப்பதே களவு போன போன் விலை போகக் கூடாது என்பதற்கு. பில்லும் இல்லாமல், பழைய கணக்கின் பெயரும் தெரியாமல் ஒருவர் அதைத் திறக்கச் சொல்லி வந்தால், அவர் யார் என்று நமக்கே தெரியும். தெரியாத மாதிரி இருக்கக் கூடாது. திருட்டுப் பொருள் வாங்குவது பாரதிய நியாய சன்ஹிதா 317-ஆவது பிரிவில் வரும். ஐ.எம்.இ.ஐ. எண்ணையே மாற்றித் தருவது மூன்றாவது. தொலைத்தொடர்புச் சட்டம், 2023-இன் 42-ஆவது பிரிவு 2024 ஜூன் 26 முதல் நடைமுறைக்கு வந்து விட்டது. மூன்றாண்டு வரை சிறை, ரூ. 50 லட்சம் வரை அபராதம், அல்லது இரண்டும். ஐந்நூறு ரூபாய்க் கூலிக்கு இது ஆகுமா என்று அவரவரே பார்த்துக் கொள்ளட்டும்.

மாற்று மென்பொருள் போட்டுத் தருகிறவர்கள் அதை மறைக்காமல் சொல்லித் தர வேண்டும் என்பதே நம் தாழ்மையான வேண்டுகோள். "இதில் இனி வங்கிச் செயலி நிலையாக ஓடாது" என்று ரசீதில் ஒரு வரி எழுதினால் வியாபாரம் குறைந்து விடாது. ஓடுகிற மாதிரி காட்டிக் கொடுத்து அனுப்புவதுதான் கூடாது. நம் உறுப்பினர் மகனிடம் அந்த ஒரு வரி சொல்லப்பட்டிருந்தால் அறுபத்து மூவர் நாளில் அவர் தவித்திருக்க மாட்டார்.

பழைய போன் வாங்குகிற உறுப்பினர்கள் பணம் கொடுப்பதற்கு முன் இரண்டு நிமிடம் ஒதுக்க வேண்டும். போனை அணைத்து மறுபடி திறந்து பாருங்கள். பூட்லோடர் திறந்திருந்தால் பெரும்பாலும் முதல் திரையிலேயே எச்சரிக்கை வரும். ப்ளே ஸ்டோர் அமைப்புகளுக்குள் போனால் கருவி சான்று பெற்றதா இல்லையா என்று ஒரு வரி இருக்கும். *#06# அழுத்தினால் ஐ.எம்.இ.ஐ. எண் தெரியும். கே, ஒய், எம் என்ற மூன்று ஆங்கில எழுத்துகளைத் தட்டி, இடைவெளி விட்டு, அந்த 15 இலக்க எண்ணையும் சேர்த்து 14422 என்ற எண்ணுக்குக் குறுஞ்செய்தி அனுப்பினால் அந்த எண் அரசுப் பதிவேட்டில் எந்த நிலையில் இருக்கிறது என்று பதில் வரும். பழைய போன் வாங்கி விற்பதைத் தொழிலாகச் செய்வோர் இதைச் சரிபார்த்தே ஆக வேண்டும் என்று 2025 அக்டோபரில் விதி திருத்தம் வந்திருப்பதையும் நினைவூட்டுகிறோம். பணம் போய் விட்டதாகச் சந்தேகம் வந்தால் 1930 என்ற எண்ணை உடனே அழைக்க வேண்டும். அக்கம்பக்கத்தில் யோசனை கேட்பதெல்லாம் அதற்குப் பிறகு.

கார்டு தேய்க்கும் இயந்திரத்தைக் குறைந்த விலைக்குப் பழசாக வாங்கித் திறந்து பார்க்க நினைப்பவர்களுக்கும் ஒரு சேதி. அதன் உறையைப் பிரித்த உடனே உள்ளிருக்கும் ரகசியச் சாவிகள் தாமே அழிந்து போகும்படி செய்திருக்கிறார்கள். அது ஒன்றுக்கும் உதவாத பெட்டியாகி விடும். கைப்பேசி நம்மிடம் அவ்வளவு கண்டிப்பாக இல்லை. திறந்த பிறகும் சிரித்த முகத்தோடு ஓடுகிறது. அதனால்தான் நாம் ஏமாறுகிறோம்.

கடைக்கென்று தனியாக ஒரு போன், அதில் கணக்கும் வரவும் மட்டும், குழந்தைகளின் விளையாட்டும் முன்பின் தெரியாத செயலிகளும் வேண்டாம் என்பதைச் சங்கக் கூட்டங்களில் வாயால் சொல்லி வந்தோம். இப்போது எழுத்திலும் சொல்கிறோம். இது தொடர்பாக உறுப்பினர்கள் தங்களுக்கு நேர்ந்தவற்றை எழுதி அனுப்பினால் அடுத்த இதழில் வெளியிடுவோம்.

நம் பூஜைப் பொருள் கடைக்காரர் தவணையில் புதுப் போன் வாங்கி விட்டார். ஒலிப்பெட்டியும் திரும்ப வந்து விட்டது. மாத வாடகை தண்டம் என்று இப்போது அவர் சொல்வதில்லை. பழைய போனிலிருந்து சிம்மை எடுத்து விட்டு, கற்பூர டப்பாக்கள் அடுக்கிய பின் அலமாரியில் வைத்திருக்கிறார். காலையில் கடை திறந்ததும் அது சுப்ரபாதம் பாடுகிறது.